"ஏழுக்கும் பத்துக்கும் இடையில் எங்கே இருந்தாய்?": குற்றத் தொடர்களில் தன்பாலீர்ப்புப் பதின்வயதுக் காதல் (தொடர் எழுதுகிறவர்களின் இணைய உரையாடல் இழை)

வெள்ளவத்தைத் திரைக்கதையாளர்:

குற்றத் தொடருக்குள் இரண்டு பையன்களின் காதலை வைக்கிறவர்கள் அநேகமாக அதை ஆறாவது எபிசோடில் திறக்கும் இரகசியப் பெட்டியாக்கி விடுகிறார்கள். பெட்டி திறந்ததும் பார்வையாளர் "ஓ!" என்கிறார். அதன்பிறகு அந்தப் பையன்களுக்குக் கதையில் வேலை இல்லை. பார்வையாளருக்கு இரண்டாவது எபிசோடிலேயே தெரிந்துவிட வேண்டும். தெரியாதிருக்க வேண்டியது பொலிஸுக்கு மட்டும்தான். "அந்த நேரம் எங்கே இருந்தாய்?" என்று கேட்கும்போது, பதில் இருந்தும் சொல்ல முடியாதவன் ஒருவன் நாற்காலியில் இருக்கிறான். தொடரை இழுத்துக்கொண்டு போவது அந்த மௌனம்.

'ரிவர்டேல்' (2017) முதல் எபிசோடைப் பாருங்கள். கொல்லப்பட்ட மாணவன் ஜேசனின் உடலை ஆற்றங்கரையில் காண்பவர்கள், இரகசியமாகச் சந்திக்க வந்த கெவின், மூஸ் என்ற இரண்டு பையன்கள். அந்த இரவில் அங்கே என்ன வேலை என்று யாராவது கேட்டே தீருவார்கள், கெவினின் அப்பாவோ ஊர் ஷெரிஃப். அவ்வளவு நல்ல முடிச்சைப் போட்டுவிட்டுத் தொடர் பிறகு எங்கெங்கோ அலைந்தது.

ஸ்பெயினின் 'எலைட்' (2018) இதைவிடக் கெட்டிக்காரத்தனமானது. பார்க்காதவர்கள் இந்தப் பந்தியைத் தாண்டுங்கள். இரண்டாம் பருவத்தில் கொலையாளி தன் நெருங்கிய நண்பன் ஆண்டெரிடமே உண்மையைச் சொல்லிவிடுகிறான். அதைத் தன் காதலன் ஓமாரிடம் சொல்லாமல் சுமப்பதில்தான் ஆண்டெர் உடைகிறான். காதலை மறைக்கப் பழகியவன் இப்போது காதலனிடமே ஒன்றை மறைக்கிறான். குற்றமும் காதலும் ஒரே நரம்பில் ஓடுவது என்றால் இதுதான்.

புதுக்கடை வாசி:

அண்ணா சொன்ன மௌனத்துக்கு எங்கள் இலங்கையில் சட்டமே காரணம் தருகிறது. தண்டனைச் சட்டக்கோவை 1883ஆம் ஆண்டினது. 365அ பிரிவின்கீழ் தன்பாலுறவுக்கு 2 வருடம் வரை சிறை. 1995 திருத்தத்தில் "ஆண்" என்பதை "ஆள்" என்று மாற்றியதால் பெண்களும் அதற்குள் வந்தார்கள். இதை நீக்கும் தனிநபர் சட்டமூலம் அரசியலமைப்புக்கு முரணில்லை என்று உயர் நீதிமன்றம் 2023 மே மாதத்தில் சொன்னது. சொன்னதோடு பிரிவு போய்விடவில்லை. ஆகவே "நான் அவனோடு இருந்தேன்" என்ற ஒரே வரி கொலையிலிருந்து காப்பாற்றி வேறொரு குற்றத்துக்குள் தள்ளும். ஸ்பெயின் தொடரில் இந்த இறுக்கம் கிடைக்காது, அங்கே வீட்டுப் பயம் மட்டும்தான்.

ஆனால் ஓ.ஐ.சி. (பொலிஸ் நிலையப் பொறுப்பதிகாரி) பிரிவு எண்ணை வாசிக்கிற மாதிரி எழுதாதீர்கள். "வீட்டுக்குச் சொல்லட்டுமா தம்பி?" போதும்.

எழுதுகிறவர்கள் அடிக்கடி சறுக்குகிற இடங்களைச் சொல்கிறேன். கடைசி எபிசோடில் பொலிஸ் அறையில் குற்றவாளி அழுது ஒப்புக்கொள்வான், இசை வரும், முடியும். சாட்சியக் கட்டளைச் சட்டம் 25ஆம் பிரிவின்படி பொலிஸ் அதிகாரியிடம் கொடுத்த குற்ற ஒப்புதல் வழக்கில் அவனுக்கெதிராகச் செல்லாது. அந்த அழுகைக்குப் பிறகும் தடயம் தேட வேண்டும். பிடித்தவனை 24 மணி நேரத்துக்குள் நீதவான் முன் கொண்டுபோக வேண்டும், விசாரணை விபரத்தை நீதிமன்றத்துக்குச் சொல்லும் பி அறிக்கை போட வேண்டும். மூன்று நாள் தொடர் விசாரணை என்று எழுதினால் புதுக்கடை நீதிமன்றத்தில் சிரிப்பார்கள்.

வயது முக்கியம். இருவருக்கும் 17, உயர்தர வகுப்பு என்று வையுங்கள். ஒருவனுக்கு 15, மற்றவனுக்கு 19 என்று போட்டால் அது காதல் கதையல்ல, சிறுவர் துஷ்பிரயோக வழக்கு. தொடர் முழுதும் அந்தப் பக்கம் சாய்ந்துவிடும், சாயத்தான் வேண்டும்.

மொழிபெயர்ப்பு மேசை:

தமிழில் எழுதுகிறவர்களுக்கு மட்டும் கிடைக்கிற ஒரு சாமான் இருக்கிறது, யாரும் எடுப்பதாகக் காணவில்லை. தமிழ் வினைச்சொல் காட்டிக்கொடுத்துவிடும். "வந்தான்" என்றால் ஆண், "வந்தாள்" என்றால் பெண். "என்ட ஆள்" என்று சொல்லித் தப்பலாம், அடுத்த சொல்லில் மாட்டுவான். "அவங்க வந்தாங்க" என்று மரியாதையில் ஒளியலாம், ஆனால் 17 வயதுப் பையன் தன் ஆளை "அவங்க" என்றால் காது நிமிரும். பேச்சுச் சிங்களத்தில் இந்தத் தொல்லை இல்லை. "எயா" என்றால் அவனும்தான், அவளும்தான். வினையும் பால் காட்டாது. "யாளுவா" நண்பனும் ஆகலாம், காதலியும் ஆகலாம்.

இதை விசாரணை அறைக்குள் வையுங்கள். கொழும்புத் தமிழ்ப் பையன், சிங்களம் தண்ணீர்பட்ட பாடு. தமிழில் வாக்குமூலம் கொடுக்கலாம் என்று சொல்லியும் அவன் சிங்களத்தில் பேசுகிறான். தகப்பன் பக்கத்தில் பெருமையாக உட்கார்ந்திருக்கிறார். பையன் "எயா" என்று மூன்று தரம் சொல்கிறான். எழுத்துச் சிங்களத்தில் அவனா அவளா என்று தெரிவு செய்தாக வேண்டும், சார்ஜன்ட் கேட்காமலே "அவள்" என்று எழுதுகிறார். வாசித்துக் காட்டுகிறார், பையன் கையெழுத்து வைக்கிறான். அடுத்த இரண்டு எபிசோடும் பொலிஸ் இல்லாத ஒரு பெண்பிள்ளையைத் தேடுகிறது. பையன் ஒரு பொய்யும் சொல்லவில்லை.

இது எடுபட வேண்டுமென்றால் முதல் எபிசோடில் பையன் வீட்டில் தமிழ் பேசும்போது தடுமாறுவதைக் காட்டிவிடுங்கள். "வந்த… வந்திருந்தது" என்று வினையை விழுங்குவான். அம்மா மட்டும் தட்டிலிருந்து தலை நிமிர்த்திப் பார்ப்பார்.

வெள்ளவத்தைத் திரைக்கதையாளர்:

அக்கா, இதை யாராவது களவெடுக்க முன்னம் எழுதி முடியுங்கோ.

பம்பலப்பிட்டி 100:

இடத்தைப் பற்றிச் சொல்கிறேன். கடைவீதியில் எல்லோரும் முறைத்துப் பார்ப்பதாக எழுதுகிறவர்கள் கொழும்பைக் கவனிக்கவில்லை. இங்கே பெரிய பள்ளிக்கூடங்கள் பல ஆண்களுக்கு வேறு, பெண்களுக்கு வேறு. ஒரு பையனும் ஒரு பெண்பிள்ளையும் மரைன் டிரைவில் நடந்தால் மாலைக்குள் வீட்டுக்குச் செய்தி போகும். இரண்டு பையன்கள் தோளில் கைபோட்டு நடந்தால் யாருக்கும் அது ஒரு காட்சியே இல்லை. காலிமுகத்திடலில் ஜோடிகள் குடைக்குள் ஒளிவார்கள், பையன்களுக்குக் குடை தேவையில்லை. அவர்கள் குடை விரித்தால்தான் சந்தேகம்.

ஆகவே கண்ணால் கண்ட சாட்சி வேலை செய்யாது. பத்துப்பேர் பார்த்திருப்பார்கள், ஒருவருக்கும் ஞாபகம் இருக்காது. காட்டிக்கொடுப்பது கணக்கு வழக்குத்தான். ரியூஷன் கார்ட்டில் மாதக் காசு குறிக்காத மூன்று கட்டம். 100ஆம் இலக்க பஸ்ஸில் வீட்டுத் தரிப்பைத் தாண்டி எடுத்த டிக்கெட்.

கப்பக் கதை எழுதுகிறவர்களுக்கும் அந்தக் கார்ட்தான். 'வெரோனிகா மார்ஸ்' 2006இலேயே தன்பாலீர்ப்பு மாணவர்களிடம் மிரட்டிக் காசு பறிப்பதை வைத்து ஒரு எபிசோட் செய்துவிட்டது. இங்கே எழுதும்போது இலட்சத்தில் கேட்க வைக்காதீர்கள், 17 வயதுப் பையனிடம் இராது. கிழமைக்கு 2,000, 3,000 என்று வரட்டும். அது ரியூஷன் காசிலிருந்து போகும், மாதம் முடிய வகுப்பிலிருந்து வீட்டுக்கு அழைப்பு வரும்.

தடயப்பெட்டி:

போன் விஷயத்தில் நிறையப் பிழை பார்க்க முடிகிறது. நிறுவனம் கொடுக்கும் அழைப்பு விபரத்தில் எண், நேரம், நீளம், கோபுரம் இருக்கும், பேசியது இராது. வாட்ஸ்அப் அழைப்பு அதில் அழைப்பாக விழாது, டேட்டா மட்டும்தான். எனவே "இருவரும் அன்றிரவு 14 தரம் பேசினார்கள்" என்று அதிகாரி தாளைத் தட்டுவது செல்லாது. கோபுரமும் ஒரு பரப்பைத்தான் காட்டும், கடற்கரைப் பாறையில் இருந்தார்களா ரயில் ஸ்டேஷனில் இருந்தார்களா என்று சொல்லாது.

வாட்ஸ்அப்பில் தானாக மறையும் செய்திக்கு 24 மணி, 7 நாள், 90 நாள் என்று மூன்று அளவு. செய்தி போனாலும் அதை யார் இயக்கினார் என்ற வரி உரையாடலில் நிற்கும். கொலைக்கு மறுநாள் காலை அதை இயக்கினால், குற்றமற்றவனும் குற்றவாளியாகத் தெரிவான். வீட்டுக்குப் பயந்து செய்தது தடயத்தை அழித்ததாக வாசிக்கப்படும்.

மரண நேரத்தையும் 8.15 என்று எழுதாதீர்கள். விறைப்பு பொதுவாக 2 முதல் 4 மணி நேரத்தில் தாடையிலும் கழுத்திலும் தொடங்கி, 12 மணி நேர அளவில் உடல் முழுதும் வரும். எங்கள் சூட்டில் இன்னும் வேகம். சட்ட வைத்திய அதிகாரி ஓர் இடைவெளியைத்தான் தருவார். தலைப்பில் உள்ள ஏழுக்கும் பத்துக்கும் அப்படி வந்ததுதான். மூன்று மணி நேரத்துக்குப் பையன் கணக்குச் சொல்ல வேண்டும், அவனுக்குச் சொல்லக்கூடியது நாற்பது நிமிடம்தான்.

கொட்டாஞ்சேனை ரசிகை:

ஒருத்தரும் சாவைப் பற்றிப் பேசவில்லை. 'த கில்லிங்' மூன்றாம் பருவத்தில் (2013) புல்லட் என்ற தெருப்பிள்ளை. லிரிக் என்ற பெண்பிள்ளையை நேசிப்பவள், தொடரின் உயிரே அவள்தான். கடைசியில் காரின் பின்பெட்டியில் உடலாக வருகிறாள். துப்பறிவாளரின் குற்றவுணர்ச்சிக்குத் தீனியாக ஒரு பிள்ளை. எத்தனை தொடரில் இதே கணக்கு!

'மேர் ஒவ் ஈஸ்ட்டவுன்' (2021, 7 எபிசோட்) பக்கத்தில் வைத்துப் பாருங்கள். துப்பறிவாளரின் மகள் ஷிவோன் பெண்பிள்ளைகளைக் காதலிக்கிறாள். கொலைக்கும் அதற்கும் சம்பந்தமில்லை, தாய்க்கும் அது பிரச்சினையில்லை. அவள் சுமப்பது இறந்துபோன அண்ணனின் துக்கத்தை. பெண்பிள்ளைகளை வைத்து எழுதுகிறவர்கள் அங்கிருந்து தொடங்கலாம். இந்த இழையிலும் இதுவரை பையன்கள் மட்டும்தானே?

மொழிபெயர்ப்பு மேசை:

உண்மைதான் தங்கச்சி. பெண்பிள்ளைகள் என்றால் என் "எயா" காட்சி தலைகீழாகும். சார்ஜன்ட் "அவன்" என்று எழுதுவார். தகப்பன் அந்த இடத்திலேயே எழும்பி, எந்தப் பையன் என்று கேட்டு அடிக்கப் போவார். வாக்குமூலம் பாதியில் நிற்கும், கையெழுத்து விழாது.