தாமிரபரணி: பூங்குளம் முதல் புன்னைக்காயல் வரை எதை, எங்கே, எப்போது பார்ப்பது? (ஒரு உரையாடல்; பேசுகிறவர்களின் பெயர்கள் புனைபெயர்கள்)

சிற்றாறு:
தாமிரபரணி சுமார் 128 கி.மீ. ஓடும் ஆறு. பூங்குளத்தில் பிறப்பதும் புன்னைக்காயலில் கடலில் சேர்வதும் தமிழ்நாட்டுக்குள்ளேயே. பாபநாசத்தில் குளித்து, நெல்லையில் அல்வா வாங்கி, திருச்செந்தூர் போய்த் திரும்பினால் ஆற்றைப் பார்த்ததாகாது. அவரவர் பகுதியில் ஆற்றோடு பழகியவர்கள் எதைக் கவனிப்பீர்கள்? பயணக்கதை வேண்டாம், இடம், காலம், காரணம் போதும்.

கடைமடை:
அணைக்கட்டுகளை வரிசையாகப் பிடித்துக்கொண்டு வாருங்கள். கோடைமேலழகியான், நதியுண்ணி, கன்னடியன், அரியநாயகிபுரம், பழவூர், சுத்தமல்லி, மருதூர், திருவைகுண்டம். மொத்தம் எட்டு. கடைசியாக உள்ள திருவைகுண்டம் 19ஆம் நூற்றாண்டில் வெள்ளைக்காரர்கள் கட்டியது. மற்ற ஏழும் அதற்கு முந்தியவை. இவற்றிலிருந்து பிரியும் 11 கால்வாய்களை நம்பி சுமார் 86,000 ஏக்கர் இருக்கிறது.

பாபநாசம் (143 அடி), சேர்வலாறு (156 அடி), மணிமுத்தாறு (118 அடி) மாதிரி இவை தண்ணீரைத் தேக்கும் அணைகள் அல்ல. ஆற்றின் குறுக்கே போட்ட தாழ்வான கல்வரம்பு, அவ்வளவுதான். வரும் தண்ணீரின் மட்டத்தைக் கொஞ்சம் உயர்த்தி, பக்கத்திலுள்ள தலைமதகுக்குள் (கால்வாயின் திறப்பு வாய்) தள்ளுவதே வேலை. மிச்சம் மேலே வழிந்து அடுத்த கட்டுக்குப் போகும். வயலில் கசிந்ததும், குளம் பெருகி மறுகாலில் (மிகைநீர் வழியும் வாய்) விழுந்ததும் வடிகாலாகத் திரும்ப ஆற்றுக்கே வரும். அதனால் மேலே பாய்ந்த தண்ணீரில் ஒரு பங்கு கீழே இன்னொரு தடவை பாயும். அளவுக் கணக்கை மட்டும் வைத்து இந்த ஆற்றைப் பேசுகிறவர்கள் இதை விட்டுவிடுகிறார்கள்.

பழுது எங்கே? கட்டுக்கு மேல்புறம் மண் படியும். படிந்த மண்ணில் சீமைக்கருவேலம் முளைக்கும். அதன் வேர் இன்னும் மண்ணைப் பிடிக்கும். தேங்கிய இடத்தில் அமலைச்செடி என்ற மிதக்கும் களை மூடி மதகு வாயை அடைக்கும். திருவைகுண்டத்தில் இது முற்றி, 2015இல் பசுமைத் தீர்ப்பாயம் வரை போய்த்தான் தூர்வாரினார்கள். கட்டுக்குக் கீழ்ப்புறம் கதை தலைகீழ்: மணல் அள்ளிய இடங்களில் படுகை தாழ்ந்து, வழிந்து விழும் தண்ணீர் கட்டின் அடியை அரிக்கும்.

பார்க்க நல்ல காலம் கார், பிசானம் என்ற இரண்டு நெல் பருவங்களுக்கும் தண்ணீர் திறக்கும் நாட்கள். கார் என்றால் ஜூன் தொடக்கம், பிசானம் என்றால் ஐப்பசி ஒட்டி. கால்வாயின் தலைப்பக்கமான மேல்மடை நாற்று நடும்போது, கடைசிப் பக்கமான கடைமடையில் மண் புழுதியாகக் கிடப்பதை ஒரே நாளில் பார்க்கலாம். மேல், கீழ் சண்டை எல்லாம் எதனால் என்று அப்போது புரியும்.

செப்பறை:
கடைமடை அண்ணாச்சி சொன்னதோடு வெள்ளத்தையும் சேர்த்துக்கொள்ளுங்கள். "அணையைத் திறந்துவிட்டார்கள், ஊர் மூழ்கிவிட்டது" என்று 2023 டிசம்பரைப் பற்றி இன்னமும் சொல்கிறார்கள். அது பாதி உண்மை. டிசம்பர் 17, 18இல் காயல்பட்டினத்தில் 24 மணி நேரத்தில் 95 செ.மீ. மழை. காயல்பட்டினம் எந்த அணைக்கும் மேலே இல்லை, கடற்கரையில் இருக்கிறது! அணைகளுக்குக் கீழே பெய்த மழையும், சிற்றாறு, பச்சையாறு வழி வந்ததும், அடுத்தடுத்து உடைந்த குளங்களின் தண்ணீரும் ஒன்றாகச் சேர்ந்தன. குளம் சங்கிலியாக இருக்கும் நாட்டில் மேலே ஒரு கரை உடைந்தால் அடுத்த குளத்தின் மறுகால் அந்த அளவைத் தாங்காது. திருவைகுண்டம் (ஶ்ரீவைகுண்டம்) ரயில் நிலையத்தில் சுமார் 800 பயணிகள் மாட்டிக்கொண்டது இப்படித்தான். தண்டவாளத்தின் அடிமண்ணே போய்விட்டது.

பழைய ஆட்கள் வெள்ளத்துக்கு இடம் விட்டுக் கட்டினார்கள் என்பதற்குக் குறுக்குத்துறை முருகன் கோயிலைப் பாருங்கள். ஆற்றுக்குள்ளேயே இருக்கிறது. தண்ணீர் வந்து மோதும் பக்கத்துச் சுவர் படகின் முகப்புப் போலக் கூராக இருப்பதால் வெள்ளம் பிளந்து இருபுறமும் போகும். தண்ணீர் ஏறத் தொடங்கினால் உற்சவரை மேலக்கோயிலுக்குக் கொண்டுபோய்விடுவார்கள். மூலவர் பாறையில் செதுக்கியது, மூழ்கி எழுவார்.

குளிக்கிறவர்களுக்கு ஒன்று: மின்உற்பத்திக்காக மேலே தண்ணீர் விடும்போது வெயிலடிக்கும் நாளிலும் மட்டம் ஏறும். மணல் அள்ளிய குழிகளும் கசங்களும் (ஆழமான மடுக்கள்) மேலிருந்து பார்த்தால் தெரியாது. ஊர்க்காரர்கள் குளிக்கும் படித்துறையை விட்டு நகராதீர்கள்.

நீர்க்காகம்:
நீர்நாயை நேரில் பார்ப்பது அதிர்ஷ்டம். தடத்தைப் பார்ப்பது பழக்கம். தண்ணீரை ஒட்டிய உயரமான பாறையில் எச்சம் இடும். புதிதாக இருந்தால் கருப்பாக, பிசுபிசுப்பாக, மீன் கவிச்சியோடு. காய்ந்தால் சாம்பல் நிறத்தில் உதிரும். உள்ளே செதிலும் நண்டு ஓட்டுத் துண்டும் தெரியும். ஈரமணலில் ஐந்து விரலும், நடுவில் சவ்வு பதிந்த அடையாளமும் இருந்தால் சந்தேகமே இல்லை. கீரித் தடத்தில் சவ்வு இராது. சமவெளியில் இருப்பது கூட்டமாக மீன் விரட்டும் பெரிய வகை; களக்காடு முண்டந்துறை மலையோடைகளில் சிறிய வகையும் உண்டு. தூரத்தில் நீந்தும் நீர்க்காகத்தின் கழுத்தை நீர்நாய் என்று படம் போடுகிறவர்கள் நிறைய. (என் பெயருக்கே கெட்ட பெயர்.)

பறவைக்கு ஜனவரிதான். 2011 முதல் ஆண்டுதோறும் தாமிரபரணிப் பாசனக் குளங்களில் நீர்ப்பறவைக் கணக்கெடுப்பு நடக்கிறது. குளம் நிரம்பி வழியும்போது நாரைகளுக்கு நிற்க இடமிருக்காது. தண்ணீர் வற்றி ஓரச்சேறு தெரிய ஆரம்பித்ததும் வந்து இறங்கும். கரை ஓரம் முழுக்கக் கல் பதித்து, நடுத்திட்டை வெட்டி எடுத்து "அழகுபடுத்திய" குளத்தில் வாத்து இருந்தாலும் நாரை இராது.

பரம்புக்கல்:
இறந்தவர்களைத் தாழிகளில் (பெரிய மண்பானைகள்) புதைத்த பழைய இடமான ஆதிச்சநல்லூர் ஏன் அந்த இடத்தில்? ஆற்றின் தென்கரையில் மேடான பரம்பு. சுமார் 114 ஏக்கர். கல்லும் சரளையும். ஏர் ஓடாது, வெள்ளம் ஏறாது. விளைகிற நிலத்தை வீணாக்காமல் இறந்தவர்களுக்கு அதைக் கொடுத்தார்கள். 1876இல் ஜெர்மானியர் ஜாகோர் தோண்டி எடுத்தவை பெர்லின் போயின. பிறகு தொல்லியலாளர் அலெக்சாண்டர் ரீ எடுத்த பொன் நெற்றிப்பட்டங்கள், வெண்கலம், இரும்பு எல்லாம் சென்னை அருங்காட்சியகம் வந்தன. வடகரைப் பக்கம் சிவகளையில் தாழிக்குள் கிடைத்த நெல்லின் காலம் பொ.ஆ.மு. 1155 என்று கரிமக் கணிப்பு சொல்கிறது.

மழை பெய்து ஓய்ந்த பின் தாழியின் விளிம்பு தரையில் வட்டமாகத் தெரியும். ஓட்டைப் பெயர்த்து எடுக்காதீர்கள். எந்த ஆழத்தில், எதன் பக்கத்தில் கிடந்தது என்பது போய்விட்டால் அது வெறும் ஓடு. திருச்செந்தூர் சாலையே பரம்பை வெட்டித்தான் போகிறது. இழந்தது ஏற்கெனவே அதிகம்.

பாவுநூல்:
பத்தமடையை விட்டுவிட்டீர்களே! கன்னடியன் கால்வாய் ஓடும் ஊர். பட்டுப்பாய்க்குக் கோரையைப் பச்சையாக அறுத்து, பச்சை நிறம் போகும்வரை வெயிலில் காயவைப்பார்கள். இந்த நேரத்தில் மழையோ பனியோ பட்டால் கருத்துவிடும், பிறகு சாயம் ஏறாது. கிழித்த பிறகு ஓடும் தண்ணீரில் சில நாட்கள் ஊறப்போட வேண்டும், தண்டு உப்பும். தேங்கிய தண்ணீரில் போட்டால் அழுகல் நாற்றம் வரும், இழை முறியும். மறுபடி காயவைத்து, மெல்லியதாக வகிர்ந்து, பருத்தி நூல் பாவில் (தறியில் நீளவாக்கில் கட்டிய நூல்) நெய்வார்கள். கால்வாய் வறண்ட கோடையில் ஊறப்போட இடம் தேடுவதே பெரும்பாடு. 2013இல் புவிசார் குறியீடு கிடைத்தது. தண்ணீருக்கு அது உதவாது.

முகத்துவாரம்:
கடைசி 20 கிலோமீட்டரை யாரும் தொடவில்லை. கொற்கை சங்ககாலத் துறைமுகம்; இன்று கடலுக்குச் சுமார் 6 கி.மீ. உள்ளே வயல் நடுவில் இருக்கிறது. ஆறு கொண்டுவந்த வண்டல் கரையைக் கிழக்கே தள்ளத் தள்ள, துறைமுகமும் நகர்ந்தது: கொற்கைக்குப் பின் பழையகாயல், அதற்குப் பின் புன்னைக்காயல். மார்கோ போலோ சொல்லும் காயல் பழையகாயல்தான் என்பது கால்டுவெல் காலம் முதல் இருக்கும் கருத்து.

இப்போது நிலைமை வேறு. வண்டல் அணைகளிலும் அணைக்கட்டுகளிலும் நின்றுவிடுகிறது. திருவைகுண்டத்தைத் தாண்டிக் கோடையில் நல்ல தண்ணீர் அவ்வளவாக வராததால் கடல்நீர் ஏறுகிறது. முதலில் காட்டிக்கொடுப்பது ஆத்தூர் வெற்றிலைக் கொடிக்கால் (வெற்றிலைத் தோட்டம்). வெற்றிலைக்கு உப்பு ஆகாது. இலை ஓரம் பழுப்பேறினால் கிணற்றுத் தண்ணீரைச் சோதிப்பார்கள்.

புன்னைக்காயல் அலையாத்திகளை (உவர்நீர்ச் சேற்றில் வளரும் மரங்கள்) பார்க்கக் கடல் வற்றும் நேரம்தான் சரி; மூச்சுவேர்கள் வெளியே தெரியும். நேரம் நாளுக்கு நாள் மாறும் என்பதால் முந்தின நாளே மீன்பிடிக்கிறவர்களிடம் கேட்டுக்கொள்ளுங்கள். சேற்றில் செருப்பு நிற்காது, பழைய ஷூ நல்லது.