நவூரு: பணக்காரத் தீவு எப்படி ஓட்டாண்டியானது?

வரைபடப்பிரியன்: பசிபிக் கடலில் இருக்கும் தனி நாடு நவூரு. மொத்தத் தீவே 21 சதுர கிலோமீட்டர்தான். ஆனால் 1970களில் தனிநபர் வருமானத்தில் உலகின் முன்வரிசையில் இருந்ததாமே? அந்தப் பணமெல்லாம் எங்கே போனது?

கடலோடி: எல்லாம் பாஸ்பேட் பணம், அதாவது உரம் செய்ய உதவும் கனிமத்தை வெட்டி விற்ற காசு. முதலில் வெட்டியவர்கள் வெளியாட்கள், லாபமும் பெரும்பாலும் வெளியேதான். 1968இல் விடுதலை கிடைத்த பிறகுதான் கையில் காசு. மெல்பர்னில் 52 மாடிக் கட்டடம், சொந்த விமான நிறுவனம் என்று தாராளமாகச் செலவழித்தார்கள். வரவு குறைந்ததும் கடன். 2004இல் அந்தக் கட்டடமும் கைமாறியது.

தீவின் நடுமேட்டைப் பாருங்கள். பாஸ்பேட்டைச் சுரண்டிய இடத்தில் சுண்ணாம்புக்கல் ஊசிகள்தான் ஆளுயரத்துக்கு மேல் நிற்கின்றன. நடக்கவே முடியாது, பயிர் எங்கே வைப்பது? சனங்கள் இருப்பது பெரும்பாலும் கரையோர வளையத்தில்.

வரைபடப்பிரியன்: சரி, வெட்டியவர்களிடம் நஷ்டஈடு கேட்கவில்லையா?

கடலோடி: கேட்டார்கள். விடுதலைக்கு முன் தீவை நிர்வகித்த ஆஸ்திரேலியா மீது 1989இல் சர்வதேச நீதிமன்றத்தில் வழக்கு. 1993இல் 10.7 கோடி ஆஸ்திரேலிய டாலருக்குச் சமரசம். என்னைக் கேட்டால், குறைவுதான்.

தென்கடல்: அதற்கு முன்பே, 1960களில், தன் குயின்ஸ்லாந்து மாநிலத்துக் கரையோரக் கர்ட்டிஸ் தீவுக்கு எல்லோரும் குடிபெயரலாம் என்றது ஆஸ்திரேலியா. ஆனால் அங்கே தனி நாடாக இருக்க முடியாது. வேண்டாம் என்றுவிட்டார்கள்.