கல்லூரிக்கு நீதிமன்ற ஆணைவழிக் காவல்துறைப் பாதுகாப்பு: எதைக் கேட்பது, எது கிடைக்கும்?

பாலக்காட்டு ஆசிரியை:
பாலக்காடு மாவட்டத்தில் ஒரு சுயநிதிக் கல்லூரியில் பணிபுரிகிறேன். வருகைப் பதிவு குறைந்த மாணவர்கள் சிலரைத் தேர்வெழுத அனுமதிக்காததால் இரண்டு வாரங்களாக வாயிலில் முற்றுகை நடக்கிறது. வகுப்புக்கு வர விரும்பும் பிள்ளைகளும் திருப்பி அனுப்பப்படுகிறார்கள். காவல் நிலையத்தில் மனுக் கொடுத்தபோது, அது கல்லூரியின் உள்விவகாரம், பேசித் தீர்த்துக்கொள்ளுங்கள் என்றார்கள். உயர் நீதிமன்றத்தை நாட முடிவு செய்த நிர்வாகம் என்னிடமும் பிரமாணப் பத்திரம் கேட்கிறது. ஆணை கிடைத்தால் காவலர்கள் வகுப்பறை வாசல் வரை வந்து நிற்பார்களா? என் மாணவர்களுக்கு எதிராகவே கையெழுத்திடுகிறேனோ என்ற தயக்கமும் இருக்கிறது.

கோவை வழக்கறிஞர்:
அம்மா, உயர் நீதிமன்றம் ஆணை பிறப்பிக்க இடந்தரும் அரசமைப்பின் 226ஆம் பிரிவின்கீழ் வரும் இத்தகைய ஆணை காவல்துறைக்குப் புதிதாக எந்த அதிகாரத்தையும் வழங்குவதில்லை. கைதுக்குரிய குற்றம் (பிடியாணை இல்லாமலே காவல்துறை கைதுசெய்யக்கூடியது) நடக்காமல் தடுப்பது ஒவ்வொரு காவல் அதிகாரியின் பொறுப்பு என்று பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 149ஆம் பிரிவு சொன்னதையே, 2024 ஜூலை முதல் நடப்பிலுள்ள புதிய சட்டத்தின் 168ஆம் பிரிவும் சொல்கிறது. "உள்விவகாரம்" என்று ஒதுங்கும் வழியை ஆணை அடைத்துவிடுகிறது. அதன் பயன் பெரும்பாலும் அதுதான். ஆகவே மனுவின் வேண்டுகோள் பகுதியைப் பொதுவாக எழுதவிடாதீர்கள். வாயிலில் வந்துபோகும் வழி மறிக்கப்படக்கூடாது, தேர்வு நாள்களில் காவல் வேண்டும், வளாகத்துக்குள் வருவது கல்லூரி முதல்வர் எழுத்துமூலம் கேட்டால் மட்டுமே என்று வரையறுத்துக் கேட்டால், வகுப்பறை வாசலில் காவலர் நிற்க வேண்டிய நிலை வராது. காவல் நிலையத்தில் கொடுத்த மனுவின் ஒப்புகைச் சீட்டு கையில் இருக்கட்டும். அது இல்லாமல் போனால் முதல் நாளே கேள்வி வரும்.

ஓய்வுபெற்ற கல்லூரி முதல்வர், சென்னை:
மேலே சொன்னதில் ஒன்றில் மட்டும் எனக்கு உடன்பாடில்லை. முதல்வரின் எழுத்து வந்த பிறகே உள்ளே வர வேண்டும் என்ற நிபந்தனை எங்கே கொண்டுபோய் விடும் என்பதை 2008 நவம்பர் 12 அன்று சென்னையில் பார்த்தோம். உயர் நீதிமன்றத்தை ஒட்டியிருந்த டாக்டர் அம்பேத்கர் அரசு சட்டக் கல்லூரியில், சாதிப் பகையால் மாணவர்கள் சக மாணவர்களைத் தடிகளால் அடித்து வீழ்த்திக்கொண்டிருக்க, காவலர்கள் வாயிலில் நின்று பார்த்த காட்சி தொலைக்காட்சிகளில் ஓடியது. முதல்வர் அழைக்கவில்லை என்பதே அவர்கள் தரப்பு விளக்கம். நீதிபதி சண்முகம் ஆணையம் விசாரித்தது, முதல்வர் பணியிடை நீக்கம் செய்யப்பட்டார், காவல் ஆணையர் மாற்றப்பட்டார். அடிபட்டவர்களுக்கு அதனால் என்ன? உயிருக்கு ஆபத்து நேரும் நிலையை அந்த நிபந்தனையிலிருந்து விலக்கி எழுதச் சொல்லுங்கள். மாணவர் தேர்தல் குறித்த லிங்டோ குழுவும், வளாகத்தில் குற்றம் நடந்தால் 12 மணி நேரத்துக்குள் காவல்துறைக்குத் தெரிவிக்க வேண்டும் என்றது. அந்தப் பரிந்துரைகளை உச்ச நீதிமன்றம் 2006 செப்டம்பரில் நடைமுறைப்படுத்திய வழக்கு, கேரளக் கல்லூரி முதல்வர்கள் தொடர்புடையதுதான்.

முன்னாள் மாணவர் பேரவை உறுப்பினர்:
கேரளத்தில் இந்த ஆணைகளால் பூசல் ஓய்ந்துவிடவில்லை என்பதையும் ஆசிரியை அறிந்திருக்க வேண்டும். பொன்னானியில் ஒரு கல்லூரி தொடர்பான வழக்கில், பாதுகாப்பு ஆணையைக் காவல்துறை நிறைவேற்றவில்லை என்று நிர்வாகம் நீதிமன்ற அவமதிப்பு மனுவோடு திரும்பி வந்தது. 2017 அக்டோபரில் உயர் நீதிமன்றம் வளாகப் போராட்டங்களைக் கடுமையாகக் கண்டித்தது. 2020 பிப்ரவரியில், கல்வி நிலையங்களின் மனுக்கள் பலவற்றை ஒருசேர விசாரித்து, வளாகத்துக்குள் வேலைநிறுத்தமும் முற்றுகையும் கூடாது என்றே தீர்ப்பு வந்தது. இத்தனைக்குப் பிறகும் உங்கள் வாயிலில் கூட்டம் நிற்கிறதே! ஆயுதமின்றி அமைதியாகக் கூடும் உரிமை மாணவர்க்கும் உண்டு. வழிமறிப்பது அதில் சேராது. இந்த இரண்டையும் ஒன்றாக்கி எல்லாரையும் எதிர்மனுதாரர்களாகச் சேர்க்கும் மனுக்களைப் பார்த்திருக்கிறேன். ஓரமாக நின்ற பையன்கூட நீதிமன்றத்துக்கு அலைந்தான்.

பாலக்காட்டு ஆசிரியை:
மூவருக்கும் நன்றி. வரைவை வாங்கிப் பார்த்தேன். முப்பத்தொரு மாணவர்களின் பெயர்கள் அதில் இருக்கின்றன. வழியை மறித்ததாக நான் நேரில் கண்டது நான்கு பேரைத்தான். என் பத்திரத்தில் அந்த நால்வரையும், கண்ட நாளையும் நேரத்தையும் மட்டுமே எழுதுவேன் என்று நிர்வாகத்திடம் சொல்லிவிட்டேன். பதில் இன்னும் வரவில்லை.