1951 சான் பிரான்சிஸ்கோ டான்ஸ்: அழைப்பை மறுத்தார்களா, அழைப்பே வரவில்லையா?

பந்துப்பித்தன் கேட்டது:

1951ஆம் ஆண்டில் சான் பிரான்சிஸ்கோ பல்கலைக்கழகத்தின் அமெரிக்கக் கால்பந்து அணியான டான்ஸ், ஆடிய 9 ஆட்டங்களிலும் வென்றது. அப்படியிருந்தும், பருவ முடிவில் அழைக்கப்பட்ட அணிகள் மட்டும் ஆடும், புத்தாண்டையொட்டி நடக்கும் பவுல் ஆட்டங்கள் எதிலும் அந்த அணி ஆடவில்லை. அணியிலிருந்த இரண்டு கறுப்பின வீரர்களை விட்டுவிட்டு வந்தால் சேர்த்துக்கொள்வதாகச் சொன்னார்கள் என்றும், அணியினர் ஒரே குரலில் மறுத்துவிட்டார்கள் என்றும் ஓரிடத்தில் படித்தேன். எதிரணிகள் வலுவற்றவை என்பதால் யாரும் அழைக்கவில்லை என்று இன்னோரிடத்தில் இருக்கிறது. இவற்றில் எதை நம்புவது? அறிந்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாவேன்.

பழைய ஏடு:

நண்பரே, இவற்றுள் ஒன்று உண்மையானால் மற்றொன்று பொய்யாகிவிடும் என்று கொள்ள வேண்டியதில்லை. அக்காலத்தில் பவுல் ஆட்டங்கள் விரல்விட்டு எண்ணக்கூடிய அளவிலேயே இருந்தன. எந்த அணியை அழைப்பது என்பதை அந்தந்த ஊரின் ஏற்பாட்டுக் குழுவினரே முடிவு செய்தார்கள். டான்ஸ் அணிக்கு ஊரளவில் மிக அருகில் இருந்தது பாசடீனாவின் ரோஸ் பவுல்தான். ஆனால் அது பல்கலைக்கழக அணிகளின் குழுக்களான பசிபிக் கடற்கரைக் கூட்டமைப்புக்கும் பிக் டென் கூட்டமைப்புக்கும் இடையே உடன்படிக்கையால் கட்டுண்ட ஆட்டம். எந்தக் கூட்டமைப்பிலும் சேராத கத்தோலிக்கப் பல்கலைக்கழகமான இவர்களுக்கு அந்தக் கதவு தொடக்கத்திலேயே மூடியிருந்தது. அந்தப் பருவத்தில் அதே சான் பிரான்சிஸ்கோ வளைகுடாப் பகுதியைச் சேர்ந்த ஸ்டான்ஃபர்டு அங்கே சென்று இல்லினாயிடம் 40–7 என்ற கணக்கில் தோற்றது.

எஞ்சியவை பெரும்பாலும் தெற்கத்திய ஊர்கள்: மயாமியின் ஆரஞ்சு பவுல், நியூ ஆர்லியன்ஸின் சுகர் பவுல், ஜாக்சன்வில்லின் கேட்டர் பவுல். நிறப் பிரிவினை சட்டமாகவே நடைமுறையில் இருந்த அந்த ஊர்களில் டான்ஸின் கறுப்பின வீரர்களான ஓலி மேட்சனும் பர்ல் டோலரும் களமிறங்குவதை ஏற்பாட்டாளர்கள் விரும்பவில்லை. அவ்விருவரையும் விட்டுவிட்டு வரலாம் என்ற செய்தி பயிற்சியாளர் ஜோ குஹாரிச் வழியாகத் தங்களுக்கு வந்தது என்றும், அதை விவாதிக்கக்கூட இல்லாமல் தள்ளிவிட்டோம் என்றும் வீரர்கள் பிற்காலத்தில் நினைவுகூர்ந்திருக்கிறார்கள். ஆகவே அது முறைப்படி எழுதப்பட்ட அழைப்பன்று, நிபந்தனையோடு விடப்பட்ட தூது என்பதே பொருந்தும்.

கணக்கர்:

மேலே சொன்னதை மறுக்கவில்லை. ஆனால் அணியின் ஆட்ட அட்டவணையையும் பார்க்காமல் பேசுவது முறையாகாது. சான் ஹோசே ஸ்டேட்டை இருமுறை வென்றார்கள். வென்ற மற்ற அணிகளுள் கேம்ப் பெண்டில்டன் மரைன் படையினரும் சான் டியாகோ கடற்படைப் பயிற்சி மையமும் உண்டு. நாடறிந்த எதிரணி என்று சொல்லத்தக்கது நியூயார்க்கின் ஃபோர்டாம் மட்டுமே. அதையும் 32–26 என்ற கணக்கில்தான் வென்றார்கள். அந்த ஆட்டத்தில் மேட்சன் தொடக்க உதைகள் இரண்டைப் பிடித்துக் ஏறத்தாழ களத்தின் முழு நீளமும் ஓடி டச் டவுன் (எதிரணியின் எல்லைக்குள் பந்தைக் கொண்டுசென்று பெறும் புள்ளிகள்) எடுக்காமல் இருந்திருந்தால் முடிவு வேறாகியிருக்கும். அசோசியேட்டட் பிரஸ் செய்தி நிறுவனத்தின் தரவரிசையில் அவர்கள் 14ஆம் இடத்தில் முடித்ததற்கு இதுவே காரணம் என்று எண்ணுகிறேன்.

தெற்கு முழுவதும் ஒரே மாதிரி இருந்தது என்பதும் சரியன்று. 1948 புத்தாண்டன்று டல்லாஸில் நடந்த காட்டன் பவுலில் பென் ஸ்டேட் அணி தன் கறுப்பின வீரர்களான வாலஸ் டிரிப்லெட்டையும் டென்னிஸ் ஹோகார்டையும் களமிறக்கி, சதர்ன் மெதடிஸ்டுடன் 13–13 எனச் சமன் செய்தது.

பழைய ஏடு:

கணக்கரின் வாதத்தை அவர் வழியிலேயே சோதித்துப் பார்ப்போம். சுகர் பவுல் முதலிடத்தில் இருந்த டென்னசியையும் தோல்வியே காணாத மேரிலாந்தையும் அழைத்தது. அதில் யாரும் குறை சொல்ல முடியாது. ஆரஞ்சு பவுலில் ஆடிய ஜார்ஜியா டெக்கும் பேய்லரும் தரவரிசையில் டான்ஸுக்கு மேலே இருந்தவை. அந்தத் தேர்வையும் ஆட்ட அடிப்படையில் நியாயப்படுத்திவிடலாம். கேட்டர் பவுலுக்கு வந்தால்தான் சங்கடம். அங்கே ஆடிய மயாமி அந்தப் பருவத்தில் ஏற்கெனவே 3 ஆட்டங்களில் தோற்றிருந்தது. கிளெம்சன் 2 ஆட்டங்களில் தோற்றிருந்தது. அட்டவணை வலுவற்றது என்ற காரணம் இரண்டு பவுல்களுக்கு விடையாகலாம், மூன்றாவதற்கு ஆகாது.

அணியின் தரத்தைப் பற்றியும் ஒரு சொல். மேட்சன் அந்தப் பருவத்தில் பந்தை ஏந்தி ஓடியே 1,566 கெஜம் கடந்து நாட்டிலேயே முதலாவதாக வந்தார். அவரும் ஜீனோ மார்செட்டியும் பாப் செயின்ட் கிளேரும் பிற்காலத்தில் தொழில்முறைக் கால்பந்தின் புகழ் மண்டபத்தில் இடம்பெற்றார்கள். ஒரே கல்லூரி அணியிலிருந்து மூவர் என்பது சாதாரணமா? போதாக்குறைக்கு அணியின் விளம்பரப் பொறுப்பிலிருந்த இளைஞர் பீட் ரோசெல், 1960 முதல் தொழில்முறைக் கால்பந்து அமைப்பான என்.எஃப்.எல்.லின் ஆணையராக ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் இருந்தவர். (லாஸ் ஏஞ்சலஸ் ராம்ஸ் என்ற தொழில்முறை அணியின் பொது மேலாளராக இருந்தபோது, 1959இல் மேட்சன் ஒருவருக்காக 9 பேரை விட்டுக்கொடுத்தவரும் இவரேதான்.)

பந்துப்பித்தன்:

இருவருக்கும் நன்றி. கேட்டர் பவுலைப் பற்றி நான் எண்ணியே பார்க்கவில்லை. இன்னொரு ஐயம்: இத்தனை நல்ல அணியைப் பல்கலைக்கழகம் அதே பருவத்தோடு ஏன் கலைத்துவிட்டது?

கணக்கர்:

பணம்தான். சேசு சபையினர் நடத்திய சிறிய கல்வி நிலையம் அது. கால்பந்துக்குச் செலவு மிகுதி, நுழைவுச்சீட்டு வரவு குறைவு. அவர்கள் ஆடிய கீசர் மைதானத்திலேயே 49ers என்ற தொழில்முறை அணியும் ஆடியதால் கூட்டம் அந்தப் பக்கம் சாய்ந்தது. அண்டையிலிருந்த செயின்ட் மேரிஸ் 1950 பருவத்தோடும், சான்டா கிளாரா 1952 பருவத்தோடும் இதே முடிவை எடுத்தன. பவுல் ஆட்டத்தின் வருவாய் கிடைத்திருந்தால் டான்ஸ் சில ஆண்டுகள் தாக்குப்பிடித்திருக்கலாம் என்பதை மட்டும் நானும் ஒப்புக்கொள்கிறேன்.

பழைய ஏடு:

டோலரைப் பற்றி யாரும் சொல்லவில்லையே. 1952இல் கல்லூரி நட்சத்திர வீரர்கள் ஆடிய ஆட்டத்தில் முழங்கால் முறிந்து அவருடைய ஆட்ட வாழ்வு முடிந்தது. பிறகு சான் பிரான்சிஸ்கோவில் பள்ளித் தலைமையாசிரியரானார், 1965இல் என்.எஃப்.எல்.லின் முதல் கறுப்பின நடுவராகவும் ஆனார். 1951 நவம்பரில் டான்ஸ் தன் கடைசி ஆட்டத்தை ஆடி லொயோலாவை 20–2 என்று வென்றது பாசடீனாவின் ரோஸ் பவுல் மைதானத்தில்தான். 1980 ஜனவரியில் என்.எஃப்.எல்.லின் இறுதி ஆட்டமான சூப்பர் பவுல் நடந்ததும் அதே மைதானத்தில்; நடுவர் குழுவில் ஒருவராக அன்று களத்தில் நின்றவர் டோலர்.