ஜான் ஆபிரகாம் படம் பார்த்த இரவு

பாலக்காட்டுச் சித்தூரிலிருந்து:

1991 கோடை விடுமுறையில் எங்கள் வாசகசாலை முற்றத்தில், ஜான் ஆபிரகாம் இயக்கிய ‘அக்ரகாரத்தில் கழுதை’யைத் திரையிட்டார்கள். நம் மொழிப் படம் என்ற பெருமையில் அம்முச்சியையும் (அம்மாவின் அம்மா) அழைத்துச் சென்றிருந்தேன். ஊமைப்பெண்ணுக்கு இறந்து பிறந்த குழந்தை கோயில் வாசலில் கிடக்க, பழி கழுதையின் மேல் விழும் இடத்தில் ரீல் முடிந்தது. அடுத்த ரீலை மாட்டும்வரை, இருட்டில் என் முழங்கையைப் பற்றிக்கொண்டு, “ஏஞ்சாமி, அந்த ஊமப் புள்ள ஆருகிட்டப் போயிச் சொல்லும்?” என்று கேட்டார். “சும்மா பாருங்க அம்முச்சி” என்று அடக்கிவிட்டேன். அவர் இன்று இல்லை. குட்டநாட்டு மலையாளியான ஜான், அவரை அப்படிக் கேட்கவைத்த தமிழ்க் கதையை எப்படித்தான் எழுதினாரோ!

கொல்லங்கோட்டிலிருந்து:

அந்தத் திரைக்கதையை எழுதியவர் விமர்சகர் வெங்கட் சாமிநாதன். அவர் பெயரை விட்டுவிட்டு ஜானைப் புகழ்வது இருவருக்குமே நியாயமன்று. 1977ஆம் ஆண்டின் சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது அதற்குக் கிடைத்தது. புனே திரைப்படக் கல்லூரியில் வங்க இயக்குநர் ரித்விக் கட்டக்கிடம் பயின்ற ஜான், 1987இல் கோழிக்கோட்டில் இறக்கும்வரை எடுத்த முழுநீளப் படங்கள் நான்குதான் என்றாலும், அவற்றில் ஒன்றைப் போல் மற்றொன்று இராது.

நான் பார்த்தது கடைசிப் படமான ‘அம்ம அறியான்’. இறந்துபோன ஓர் இளைஞனின் தாயிடம் செய்தி சொல்லப் புருஷன் என்ற பெயருடைய ஒருவன் புறப்படுகிறான்; வழிநெடுக நண்பர்கள் சேர்ந்துகொண்டே போகிறார்கள். அந்தக் கூட்டம் தாயை எட்டும்போது, என் பக்கத்தில் இருந்த அரிசி ஆலைத் தொழிலாளி எழுந்து நின்றுவிட்டார். பின்வரிசையினர் அதட்டியும் படம் முடியும்வரை அவர் உட்காரவில்லை. ஏனென்று கேட்காமல் வந்துவிட்டேன்.

வேலந்தாவளத்திலிருந்து:

யார் எழுதினார் என்பதைவிட, யார் பணத்தில் எடுத்தார் என்பதே எனக்கு முக்கியம். தயாரிப்பாளரை நம்பாமல், 1984இல் ஜானும் நண்பர்களும் சேர்ந்து உருவாக்கிய ஒடெஸா இயக்கம் மக்களிடம் சிறுசிறு தொகையாகத் திரட்டித்தான் ‘அம்ம அறியான்’ 1986இல் வெளிவந்தது. அதைப் படித்த வேகத்தில் நானும் சந்தைக் கடைகளில் ஐம்பதும் நூறுமாக வாங்கிக் குறும்படம் ஒன்றைத் தொடங்கினேன். ஒலிச்சேர்க்கைக்கு முன்பே பணம் தீர்ந்துவிட்டது. தேங்காய்க் கடை அண்ணன் இன்றும் சில்லறையை என் கையில் வைத்துக்கொண்டே, “தம்பி, நம்ம படம் எப்ப வருது?” என்கிறார்.

இவ்வழியில் இறங்க நினைப்பவர்கள், திரட்டிய தொகையில் ஒலிக்கும் திரையிடலுக்கும் ஆகும் பங்கை முதல்நாளே தனியே எடுத்துவைத்துவிடுங்கள். தந்தவர் பெயரையும் தொகையையும் ஒரே நோட்டில் எழுதி, படப்பிடிப்பு நடக்கும் இடத்திலேயே யாரும் புரட்டிப் பார்க்கும்படி வையுங்கள். பேச்சு குறைவான கதையாக இருந்தால் செலவும் குறையும். விழாக்களுக்கு அனுப்புவதைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். முதல் திரையிடல், பணம் தந்தவர்களின் தெருவில், அவர்கள் கடையடைத்த பிறகு நடக்கட்டும்.