சம்மாட்டி வீட்டில் ஒரு கிறிஸ்துமஸ் கொலை: பனிக்கு மாற்றாக எதை வைப்பது?

தங்கச்சிமடம் வாசகி:
வணக்கம். கிறிஸ்துமஸுக்காகப் பெரிய வீடொன்றில் கூடும் உறவினர்கள், வெளியேற முடியாத நிலை, உள்ளே ஒரு கொலை என்னும் ஆங்கிலத் துப்பறியும் மரபை ஒட்டி, எங்கள் ஊர்ச் சம்மாட்டி (மீன்பிடிப் படகுகளின் உரிமையாளர்) வீட்டில் நடப்பதாக ஒரு நாவல் எழுதத் தொடங்கியிருக்கிறேன். 1937இல் வந்த ஜெஃபர்சன் ஃபார்ஜனின் நாவலில், பனியில் ரயில் சிக்கிக்கொள்ள, பயணிகள் ஒரு வீட்டில் ஒதுங்குகிறார்கள். அங்கே கணப்பு எரிகிறது, தேநீர் தயாராக இருக்கிறது, வீட்டார் மட்டும் இல்லை. நமக்குப் பனி ஏது? 1964 டிசம்பரில் தனுஷ்கோடியை அழித்த புயலைப் பின்னணியாக்கினால் எங்கள் இராமேஸ்வரம் தீவு துண்டிக்கப்பட்டதற்குத் தனியே விளக்கம் வேண்டியதில்லை. அது பொருந்துமா?

பாம்பன் கரையோன்:
பொருந்தாது, தங்கையே. டிசம்பர் 22 நள்ளிரவை ஒட்டி ஒரு ரயிலே பயணிகளோடு கடலில் போன அந்த நாள்களில், ஒரு செல்வந்தரைக் கொன்றவர் யார் என்று எந்த வாசகரும் கவலைப்பட மாட்டார். உறவுகளைப் பறிகொடுத்த குடும்பங்கள் இன்னும் இந்தக் கரையில் இருக்கின்றன. அவர்களுடைய துயரத்தை ஒரு புதிருக்குத் திரைச்சீலையாக்கக் கூடாது என்பதே என் உறுதியான கருத்து.

அவ்வளவு பெரிய புயலும் தேவையில்லை. சாலைப்பாலம் 1988இல்தான் திறக்கப்பட்டது. அதற்கு முன் தீவுக்கு இருந்த ஒரே நிலவழி 1914இல் திறந்த ரயில் பாலம். பழைய பாலத்தில் காற்று மணிக்கு 58 கிலோமீட்டரைத் தாண்டினால் ரயிலை நிறுத்திவிடுவார்கள். எனவே கதையை எண்பதுகளின் தொடக்கத்தில் வையுங்கள்: வாடைக்காற்று வலுக்கிறது, துறைமுகத்தில் எச்சரிக்கைக் கூண்டு ஏறுகிறது, படகுகள் கரையேறுகின்றன, ரயில் எதிர்க்கரையிலுள்ள மண்டபம் நிலையத்திலேயே நின்றுவிடுகிறது. இதில் ஒரு நல்ல தடயமும் கிடைக்கிறது. வழி அடைபடும் என்பதைச் சென்னையிலிருந்து வந்த மகன் அறிந்திருக்க முடியாது; காலையில் வானத்தைப் பார்த்தே சொல்லக்கூடியவர்கள் அந்த வீட்டில் ஓரிருவர்தான்.

தொண்டி வாசகர்:
அண்ணன் சொல்வது சரியே எனினும், அடைபட்ட வழிக்கு இவ்வளவு முக்கியத்துவம் தர வேண்டுமா? அகதா கிறிஸ்டி 1938இல் எழுதிய கிறிஸ்துமஸ் நாவல் டிசம்பர் 22 முதல் 28 வரை நாள்வாரியாகப் பகுக்கப்பட்டிருக்கிறது. அதில் யாரையும் பனி கட்டிப்போடவில்லை. பிரிந்து கிடந்த பிள்ளைகளைக் கிழவர் வரவழைக்கிறார், உயிலை மாற்றப்போவதாக அவர்கள் காதில் விழும்படி பேசுகிறார், அவ்வளவுதான். ஆண்டு முழுவதும் பேசாதவர்கள் பண்டிகைக்காக அன்பாக நடந்துகொள்ள நேரும்போது உள்ளே இறுக்கம் ஏறுகிறது என்று கிறிஸ்டியின் துப்பறிவாளர் புவாரோவே அதில் விளக்குவார். பிள்ளைகள் ஏன் வந்தார்கள் என்பதை முதலில் முடிவு செய்யுங்கள்.

கொலை நேரமாக நள்ளிரவுத் திருப்பலியை வைக்கலாம். வீடே கோயிலில் இருக்கிறது. பாலகனைக் குடிலில் வைக்கும்போது வெடிக்கும் வெடிச்சத்தத்தில் ஓர் அலறல் அமுங்கிவிடும். நெரிசலில் நடுவே எழுந்து போனவரை யார் கவனித்திருப்பார்கள்?

இராமநாதபுரம் வழக்கறிஞர்:
உயில் என்றதால் எழுதுகிறேன். ஆங்கில நாவலின் சொத்துரிமையை அப்படியே கொண்டுவராதீர்கள். இங்கே கிறிஸ்தவக் குடும்பங்களுக்கு 1925ஆம் ஆண்டின் இந்திய வாரிசுரிமைச் சட்டம் பொருந்தும். உயில் இல்லையெனில் மனைவிக்கு மூன்றில் ஒரு பங்கும், எஞ்சியது மகன், மகள் என்ற வேறுபாடின்றிப் பிள்ளைகளுக்குச் சமமாகவும் சேரும். ஆகவே மூத்த மகனே எல்லாவற்றுக்கும் வாரிசு என்ற கொலைக்காரணம் இங்கே நிற்காது.

உயிலுக்குக் குறைந்தது இரண்டு சாட்சிகள் வேண்டும். சாட்சிக் கையெழுத்திட்டவருக்கோ அவருடைய கணவன் அல்லது மனைவிக்கோ அந்த உயிலில் எழுதியிருக்கும் சொத்து மட்டும் செல்லாமல் போகும். உயிலின் மற்றப் பகுதிகள் செல்லும். மகளுக்கு வீட்டை எழுதிவைக்கும் உயிலில் அவள் கணவன் சாட்சியாகக் கையெழுத்திட்டால், வீடு அவளுக்குக் கிடைக்காது. இந்தக் காட்சியை முதல் அத்தியாயத்திலேயே எல்லோர் முன்னிலையிலும் வைத்துவிடலாம், வாசகரிடம் எதையும் மறைத்ததாகாது. அந்த மருமகனைக் கையெழுத்திட அழைத்தவர் யார் என்று உங்கள் துப்பறிவாளர் விசாரித்தால் போதும்.