மெட்ரோ சுரங்கத்துக்குள் போனாலே பயம்: யாராவது வழி சொல்லுங்கள்

அண்ணன்மாரே, அக்காமாரே, எனக்குச் சொந்த ஊர் தக்கலை. சென்னையில் வேலைக்குச் சேர்ந்து ஆறு மாதம் ஆகிறது. தங்கியிருப்பது கோயம்பேட்டில், ஆபீஸ் எழும்பூரில்.

கோயம்பேடு ஸ்டேஷன் மேலே இருப்பதால் ஏறும்போது ஒன்றும் தெரியாது. திருமங்கலத்துக்கு முன்னால் வண்டி பூமிக்குள் இறங்கி, ஜன்னலில் வெளிச்சம் போய் என் முகமே தெரிய ஆரம்பித்ததும் உள்ளங்கை வியர்த்து, நெஞ்சு படபடத்து, மூச்சு முட்டுகிறது. ஒவ்வொரு ஸ்டேஷனிலும் வண்டிக் கதவும் பிளாட்பாரக் கண்ணாடிக் கதவும் சேர்ந்து மூடும்போது இன்னும் மோசம். வண்டி நடுவில் நின்றதில்லை, கரண்ட் போனதில்லை. ஒரு காரணமும் இல்லாமல் ரெண்டு மாதம் முன்பு தொடங்கியது. உயரமெல்லாம் பயமில்லை, மாத்தூர் தொட்டிப் பாலத்தில் சின்ன வயதிலிருந்தே நடப்பவன்.

பாட்டு கேட்டுப் பார்த்தேன், கதவோரம் நின்றேன், நண்பனைக் கூடக் கூட்டிப் போனேன். பாதி வழியில் ஷெனாய் நகரில் இறங்கி மேலே ஓடி வந்த நாட்களே அதிகம். ஈசிஜி, ரத்தப் பரிசோதனை எல்லாம் நார்மல். இப்போது பஸ்தான், அதில் தினமும் லேட்.

பத்து நாள் லீவில் ஊருக்கு வந்திருக்கிறேன். இந்த மாதிரி பயத்துக்கு மாத்திரையோடு நிறுத்தாமல், படிப்படியாகப் பழக்கிச் சரிசெய்யும் மனநல ஆலோசகர் நாகர்கோவில், மார்த்தாண்டம் பக்கம் யாராவது இருக்கிறார்களா? நீங்களோ உங்கள் வீட்டில் ஒருவரோ அவரிடம் போய்க் குணமாகியிருந்தால் சொல்லுங்கள்.